பதில் வராத கடிதமும் ஒரு மண்மேடும்: நார்ஃபோக் சாலை முனை வழக்கு, 1988–1996

சாலையோரத்தில் பார்வையை மறைக்கும் ஒரு தடை இருக்கிறது. அது இருக்கும் நிலம் உள்ளாட்சிக்குச் சொந்தமில்லை. ஆனாலும் அதை அகற்றச் சொல்லும் அதிகாரம் உள்ளாட்சிக்கு உண்டு. அகற்றலாம் என்று அதிகாரிகள் முடிவும் எடுத்தார்கள். வேலை நடக்கவில்லை, அதற்குள் ஒருவர் படுகாயமடைந்தார். இழப்பீட்டில் உள்ளாட்சிக்குப் பங்கு உண்டா என்ற கேள்வி மூன்று நீதிமன்றங்களைக் கடந்து, 1996 ஜூலை 24 அன்று அன்று நாட்டின் இறுதி மேல்முறையீட்டு மன்றமாகவும் இருந்த பிரிட்டனின் பிரபுக்கள் சபையில் 3-க்கு 2 என்ற கணக்கில் முடிந்தது. சம்பந்தப்பட்ட தனிநபர்களின் பெயர்கள் இங்கே தேவையில்லை. பார்க்க வேண்டியது அந்தக் கோப்பு நகர்ந்த விதத்தையும் நின்ற விதத்தையும்தான்.

இடம்

கிழக்கு இங்கிலாந்தில் நாரிச் நகருக்குத் தென்மேற்கே சுமார் 15 கி.மீ. தொலைவில் உள்ள சிறிய ஊர் விண்டம். அங்கே ஸ்டேஷன் ரோடு என்ற சாலையில் செமெட்ரி லேன் என்ற கிளைச்சாலை வந்து சேர்கிறது. இங்கிலாந்திலும் நம்மைப் போல இடப்பக்கம் ஓட்டும் வழக்கம்தான். ஆகவே கிளைச்சாலையிலிருந்து வலப்பக்கம் திரும்புகிறவர், தன் வலக்கைப் பக்கமிருந்து வரும் வண்டிகளின் தடத்தை முதலில் குறுக்கே கடந்தாக வேண்டும். அந்த வலக்கைப் பக்கத்தில்தான் ஒரு மண்மேடு இருந்தது. அதன் தலையில் வேலி. நிலம் அன்றைய அரசு ரயில் நிறுவனமான பிரிட்டிஷ் ரயிலுக்குச் சொந்தம்.

இப்படிப்பட்ட மேடு ஏன் ஆபத்து என்பதைக் கணக்காகவே சொல்லிவிடலாம். காரில் உட்கார்ந்திருப்பவரின் கண், முன்பம்பரிலிருந்து ஏறத்தாழ 2.4 மீட்டர் பின்னால் இருக்கும், தரையிலிருந்து 1.05 மீட்டர் உயரத்தில் இருக்கும் என்று எடுத்துக்கொள்வது பிரிட்டனின் வடிவமைப்பு வழக்கம். மணிக்கு 30 மைல், அதாவது 48 கி.மீ. வேகத்தில் வரும் வண்டி நொடிக்கு 13.4 மீட்டர் ஓடுகிறது. ஓட்டுநர் ஆபத்தை உணர்ந்து பிரேக்கில் கால் வைக்க 1.5 நொடி என்றால் அதிலேயே 20 மீட்டர் போய்விடும். பிரேக் பிடித்து நிற்க இன்னொரு 20 மீட்டர். அதனோடு 2.4 மீட்டரையும் சேர்த்துத்தான், 2007-இல் வெளியான தெரு வடிவமைப்புக் கையேடு இந்த வேகத்துக்கு 43 மீட்டர் பார்வைத் தூரம் வேண்டும் என்றது. இந்த அளவுகோல் வழக்குக்குப் பிற்பட்டது. ஆனால் கண்ணும் பிரேக்கும் 1988-லும் இப்படித்தான் இயங்கின.

ஒரு மீட்டருக்குச் சற்று மேலான மேடு, அதன் மேல் வேலி என்றால் கண்மட்டம் முழுவதும் அடைபட்டுவிடும். ஓட்டுநர் காரின் மூக்கை நீட்டித்தான் எட்டிப்பார்க்க முடியும். அவர் கண்ணுக்குச் சாலை தெரியும்போது, கண்ணுக்கு 2.4 மீட்டர் முன்னால் இருக்கும் பம்பர் ஏற்கெனவே அடுத்தவர் தடத்துக்குள் நுழைந்திருக்கும். வருவது மோட்டார் சைக்கிள் என்றால் அதன் முகப்பே சிறியது. கண்ணில் படுவதும் தாமதமாகும்.

அந்த முனையில் 1976-இல் ஒரு விபத்து, 1982-இல் இன்னொன்று நடந்திருந்தன.

சட்டத்தில் இருந்த கருவிகள்

சாலைக்குப் பொறுப்பு நார்ஃபோக் கவுன்டி கவுன்சில், அதாவது அந்த மாவட்டத்தின் உள்ளாட்சி. 1980-ஆம் ஆண்டு நெடுஞ்சாலைகள் சட்டம் அதற்கு இரண்டு வகையான பொறுப்புகளைத் தந்திருந்தது. இரண்டையும் ஒன்றாகப் போட்டுக் குழப்பினால் இந்த வழக்கே புரியாது.

பிரிவு 41 கடமையைச் சொல்கிறது. சாலையைப் பராமரிக்கத் தவறி யாராவது காயப்பட்டால் வழக்குத் தொடரலாம். இந்த உரிமையும் பழையதன்று. 1961-இல் இயற்றப்பட்டு 1964-இல் நடைமுறைக்கு வந்த திருத்தத்துக்கு முன்னால், பராமரிக்காமல் சும்மா இருந்ததற்காகச் சாலை நிர்வாகத்தின் மீது வழக்கே போட முடியாது. செய்ததைத் தப்பாகச் செய்தால் மட்டுமே பொறுப்பு. திருத்தத்துக்குப் பிறகும் இந்தக் கடமை சாலைக்கு மட்டும்தான் பொருந்தும்: மேற்பரப்பு, அடித்தளம், வடிகால் ஆகியவற்றுக்கு. பக்கத்து நிலத்து மண்மேடு சாலையின் பாகம் அன்று.

பிரிவு 79 அதிகாரத்தைச் சொல்கிறது. முனை, வளைவு, சந்திப்பு ஆகிய இடங்களில் பார்வையை மறைக்கும் சுவர், வேலி, மரம், புதர் போன்றவற்றை மாற்றும்படி நில உரிமையாளருக்கு நிர்வாகம் அறிவிப்பு அனுப்பலாம். ‘சுவர்’ என்ற சொல்லுக்குள் மண்மேடும் அடங்கும் என்று அந்தப் பிரிவே விளக்கம் தருகிறது. அறிவிப்புக்குக் கீழ்ப்படிய ஆகும் நியாயமான செலவை உரிமையாளர் நிர்வாகத்திடமிருந்து வாங்கிக்கொள்ளலாம். ஆட்சேபம் இருந்தால் 14 நாளுக்குள் எழுதித் தர வேண்டும். தகராறைக் கவுன்டி நீதிமன்றம் தீர்க்கும். வேகமான, மலிவான, முழுமையான கருவி இது. ஆனால் சட்டத்தின் சொல் ‘அனுப்பலாம்’ என்பதே. ‘அனுப்ப வேண்டும்’ என்று அது சொல்லவில்லை. எட்டு ஆண்டு வழக்கு முழுவதும் இந்த வேறுபாட்டின் மேல்தான் நின்றது.

1988: ஜனவரி முதல் டிசம்பர் வரை

ஜனவரியில் கவுன்சிலின் சாலைப் பிரிவு பிரிட்டிஷ் ரயிலுக்குக் கடிதம் எழுதியது. மேட்டை வெட்டித் தாழ்த்தினால் முனையில் பார்வை தெளிவாகும், செலவைக் கவுன்சிலே ஏற்கும் என்பது அதன் சாரம். செலவு 1,000 பவுண்டுக்கும் குறைவு. சாலைச் சீரமைப்புக் கணக்கில் இது சில்லறைத் தொகைதான். நிதியும் இருந்தது, முடிவும் இருந்தது.

ரயில் நிறுவனத்திடமிருந்து பதில் வரவில்லை. கவுன்சில் விடாமல் துரத்தவும் இல்லை. பிரிவு 79-இன்படி அறிவிப்பும் அனுப்பவில்லை. யாரும் ‘வேண்டாம்’ என்று கோப்பில் எழுதவில்லை. கோப்பு அப்படியே உறங்கிப்போனது.

மார்ச்சில் அதே முனையில் மூன்றாவது விபத்து நடந்தது. அதுவும் கோப்பை எழுப்பவில்லை.

டிசம்பரில் ஒரு பெண் செமெட்ரி லேனிலிருந்து காரை வலப்பக்கம் திருப்பினார். ஸ்டேஷன் ரோட்டில் மோட்டார் சைக்கிளில் வந்தவர் மோதிப் படுகாயமடைந்தார். ஜனவரிக் கடிதத்துக்கு அப்போது வயது 11 மாதம்.

விசாரணை நீதிமன்றமும் மேல்முறையீட்டு நீதிமன்றமும்

மோட்டார் சைக்கிள்காரர் வழக்குத் தொடர்ந்தது காரை ஓட்டியவர் மீது. கார் ஓட்டியவர் தரப்புதான், இழப்பீட்டில் கவுன்சிலும் பங்கு தர வேண்டும் என்று அதை மூன்றாம் தரப்பாக வழக்குக்குள் இழுத்தது. இதைக் கவனிக்க வேண்டும். காயப்பட்டவருக்குப் பணம் கிடைக்குமா என்பது இங்கே கேள்வியே இல்லை. கட்டாய வாகனக் காப்பீடு இருந்தது. சுமையைக் காப்பீட்டு நிறுவனம் முழுதாகச் சுமப்பதா, உள்ளூர் வரிப்பணமும் பகிர்வதா என்பதே கேள்வி.

விசாரணை நீதிபதி பிரிவு 41-ஐ ஒதுக்கிவிட்டார், மேடு சாலையின் பாகம் அல்ல என்பதால். ஆனால் நீதிமன்றத் தீர்ப்புகளால் உருவான வழக்குச் சட்டத்தின்படி (common law), பிறருக்குத் தீங்கு நேராமல் கவனமாக நடக்கும் கடமை கவுன்சிலுக்கு உண்டு என்றார். ஆபத்து தெரிந்திருந்தது, நீக்க முடிவெடுத்தாகிவிட்டது, நியாயமான வேகத்தில் செயல்பட்டிருந்தால் விபத்துக்கு முன்பே மேடு போயிருக்கும். கார் ஓட்டியவர் மீது 70 விழுக்காடு, கவுன்சில் மீது 30 விழுக்காடு என்று பொறுப்பைப் பிரித்தார். 1994-இல் மேல்முறையீட்டு நீதிமன்றமும் இதை உறுதிசெய்தது.

பிரபுக்கள் சபை

ஹோஃப்மன் பிரபு எழுதிய தீர்ப்போடு காஃப் பிரபுவும் ஜான்சி பிரபுவும் உடன்பட்டார்கள். கவுன்சில் வென்றது.

சட்டம் ஓர் அமைப்புக்கு அதிகாரத்தை மட்டும் கொடுத்துவிட்டுக் கடமையைக் கொடுக்காதபோது, அந்த அதிகாரத்தைப் பயன்படுத்தாததற்காக இழப்பீடு கேட்பது எளிதாக இருக்கக் கூடாது என்பது பெரும்பான்மையின் அடிப்படை. அதற்குக் குறைந்தபட்சம் இரண்டு நிபந்தனைகள் வைத்தார்கள். முதலாவது, அந்தச் சூழலில் அதிகாரத்தைப் பயன்படுத்தாமல் இருந்தது பகுத்தறிவுக்கே ஒவ்வாதது என்று சொல்லும்படி இருக்க வேண்டும். அதாவது அரசு அமைப்புகளின் செயலை ஆளும் பொதுச் சட்டத்தின் (public law) பார்வையில் செயல்படுவது கடமையாகவே ஆகியிருக்க வேண்டும். இரண்டாவது, பாதிக்கப்பட்டவருக்குப் பணம் தர வேண்டும் என்பதும் சட்டத்தின் நோக்கமே என்று காட்டும் சிறப்பான காரணம் இருக்க வேண்டும்.

முதல் படியிலேயே கோரிக்கை விழுந்தது. மூன்று ஆண்டுகளில் பதிவான காயம்பட்ட விபத்துகளை எண்ணி, எந்த முனையை முதலில் சரிசெய்வது என்று வரிசைப்படுத்தும் முறை கவுன்சிலிடம் இருந்தது. 12 ஆண்டுகளில் 3 விபத்து என்பது அந்த வரிசையின் அருகிலும் வரவில்லை. செய்யலாம் என்ற முடிவைப் போலவே எப்போது செய்வது என்பதும் விருப்புரிமைக்குள் அடங்கும் என்றது தீர்ப்பு. சாலைக்கு வருகிறவர்கள் அது இருக்கிறபடியே ஏற்றுக்கொண்டு கவனமாக ஓட்ட வேண்டும், ஆபத்தான முனைகள் உண்டு என்பது எல்லோருக்கும் தெரிந்ததே என்றும் அது சொன்னது. பொறுப்பைச் சுமத்தினால் கவுன்சில்கள் வழக்குக்கு அஞ்சிச் சாலை மேம்பாட்டில் கூடுதலாகச் செலவிடும், மற்றப் பணிகளுக்குரிய பணம் அங்கே திரும்பிவிடும் என்ற கவலையும் அதில் இருக்கிறது.

நிக்கல்ஸ் பிரபு உடன்படவில்லை. ஸ்லின் பிரபு அவரோடு நின்றார். கவுன்சிலுக்கு ஆபத்து தெரியும், சாலைக்கு வருகிறவருக்கு முன்கூட்டித் தெரியாது, நீக்கும் அதிகாரம் கவுன்சிலிடம் இருந்தது, நீக்குவது என்று தீர்மானித்ததும் கவுன்சிலேதான். இங்கே நீதிமன்றம் யாருடைய கொள்கை முடிவிலும் தலையிடவில்லை. கவுன்சில் எடுத்த முடிவைக் கவுன்சிலே நிறைவேற்றவில்லை என்பதைத்தான் சொல்கிறது.

பெரும்பான்மைத் தீர்ப்பு இடறும் இடம்

முடிவைப் பொறுத்தவரை பெரும்பான்மையின் கவலை நியாயமானது. ஒரு மாவட்டத்தில் பார்வை மறையும் முனைகள் எத்தனையோ இருக்கும். ஒவ்வொன்றுக்கும் இழப்பீடு என்றால், எந்த வேலை முதலில் என்பதை வழக்கறிஞர்கள்தான் தீர்மானிப்பார்கள். காப்பீட்டு நிறுவனத்தின் பாரத்தைக் குறைக்க நூலகத்துக்கும் பள்ளிக்கும் போக வேண்டிய பணத்தைத் திருப்புவதில் நியாயமும் இல்லை.

ஆனால் தாமதமும் விருப்புரிமைதான் என்ற வாதம் இந்தக் கோப்புக்குப் பொருந்தவே இல்லை. விருப்புரிமை என்பதற்கு யாராவது ஒருவர் இரண்டு பக்கத்தையும் எடைபோட்டு, இப்போது வேண்டாம் என்று சொல்லியிருக்க வேண்டும். விண்டத்தில் அப்படி யாரும் சொல்லவில்லை. வரிசைப் பட்டியலை எடுத்து வைத்து, இதைவிட அவசரமான முனைகள் இருக்கின்றன என்று எவரும் எழுதவில்லை. ஒரு கடிதத்துக்குப் பதில் வரவில்லை, கேட்கவும் மறந்துபோனார்கள். மறதியைக் கொள்கை என்று அழைத்தால், யோசித்து ஒத்திவைத்த அதிகாரிக்கும் கோப்பைத் தொலைத்த அதிகாரிக்கும் சட்டத்தின் முன் வித்தியாசமே இல்லாமல் போகிறது. நிக்கல்ஸ் பிரபு தோற்றிருக்கலாம், ஆனால் கோப்பை உள்ளபடி படித்தவர் அவர்தான்.

இன்னொரு பக்கத்தையும் சொல்ல வேண்டும். முடிவெடுத்ததே கடமையை உண்டாக்கும் என்றிருந்தால், எச்சரிக்கையான அலுவலகம் எதையும் முடிவெடுக்காது. முனையைப் பார்வையிட்டவரே வாயைத் திறக்க அஞ்சுவார். பெரும்பான்மை தவிர்க்க நினைத்தது இதையும்தான்.

பின்னால் வந்த வழக்குகள்

2004 ஏப்ரலில் மேற்கு யார்க்‌ஷையரின் கால்டர்டேல் வழக்கு வந்தது. மேடேறி இறங்கும் சாலையின் உச்சியில் ‘மெதுவாக’ என்ற எழுத்து முன்பு இருந்தது, விபத்தின்போது இல்லை. எதிரே பேருந்தைக் கண்டு பதறிப் பிரேக் பிடித்த ஓட்டுநர் அதில் மோதிக் கடுமையாகக் காயமடைந்தார். பிரபுக்கள் சபை ஒருமனதாகக் கவுன்சிலுக்குப் பொறுப்பில்லை என்றது. நார்ஃபோக்கில் 1996-இல் திறந்து வைத்திருந்த சிறிய கதவையும் ஹோஃப்மன் பிரபு இதில் ஏறத்தாழச் சாத்திவிட்டார். பொதுச் சட்ட அதிகாரத்தைப் பயன்படுத்தாமல் விட்டது என்பதை மட்டும் வைத்து இழப்பீடு கிடைக்கும் வழக்கைக் கற்பனை செய்வதே கடினம் என்பது அவர் நிலை.

2010-இல் லண்டன் நியூஹாம் வழக்கில் முடிவு மாறியது. சிக்னல் உள்ள நடைபாதைக் கடவையின் நடுத்திட்டில் கவுன்சிலே நட்ட செடிகள் வளர்ந்து, கடப்பவர் பார்வையை மறைத்தன. அடிபட்ட இளம்பெண் தன் பக்கம் சிவப்பு விளக்கு இருக்கும்போது கடந்தவர். அதனால் இழப்பீட்டில் 75 விழுக்காடு குறைக்கப்பட்டது. ஆனாலும் கவுன்சில் பொறுப்பிலிருந்து தப்பவில்லை, ஏனெனில் தடையை உண்டாக்கியதே அது. 2018-இல் வேல்ஸ் நாட்டு வழக்கொன்றில், சாலையை ஒட்டிய நிலத்தில் வளர்ந்த செடிகொடிகள் முனையில் பார்வையை மறைத்தன. அங்கும் காரோட்டியின் தரப்பே பங்கு கேட்டு வந்தது. சாலைக்குள் நீட்டாமல் தன் நிலத்தில் வளர்ந்த செடிக்கு நில உரிமையாளர் பொறுப்பாக மாட்டார் என்று மேல்முறையீட்டு நீதிமன்றம் சொன்னது.

ஆக, தடையை வைத்தவர் யார், தடை எந்த நிலத்தில் இருக்கிறது என்ற இரண்டும்தான் இன்று அங்கே முடிவைத் தீர்மானிக்கின்றன. கோப்பில் என்ன முடிவு இருந்தது என்பதற்கு மூன்றாவது இடம்கூட இல்லை.

இந்தியாவில் கோடு இவ்வளவு நேராக ஓடவில்லை. ராஜ்கோட்டில் சாலையோர மரம் விழுந்து நடந்து சென்றவர் இறந்த வழக்கில், உச்ச நீதிமன்றம் 1997-இல் மாநகராட்சிக்குப் பொறுப்பில்லை என்றது. டில்லியில் 1964-இல் வேப்பமரக் கிளை முறிந்து விழுந்து ஸ்கூட்டரில் சென்றவர் இறந்த வழக்கில், அதே நீதிமன்றம் 1999-இல் மாநகராட்சியைப் பொறுப்பாக்கியது. சாலையோர மரங்களைப் பார்த்து ஆபத்தானவற்றை அகற்ற வேண்டியது அதன் கடமை என்றது. இரண்டு தீர்ப்புகளுக்கும் இடையே இரண்டே ஆண்டுகள். ஆகவே நார்ஃபோக் தீர்ப்பை இங்கே பாதுகாப்புக் கவசமாக நினைக்கும் அலுவலகம் தவறான கணக்குப் போடுகிறது.

இன்று இதே கோப்பு மேசைக்கு வந்தால்

முதலில் அளவு. ‘பார்வை சரியில்லை’ என்று எழுதினால் போதாது. கிளைச்சாலையின் நடுக்கோட்டில், வழிவிடும் கோட்டிலிருந்து 2.4 மீட்டர் பின்னால் நின்று, 1.05 மீட்டர் உயரத்தில் கண்ணை வைத்து, எத்தனை மீட்டர் தூரம் தெரிகிறது என்று இரு பக்கமும் அளந்து படத்தோடு கோப்பில் சேர்க்க வேண்டும். வேகத்துக்குத் தேவையான தூரத்தைப் பக்கத்தில் எழுதினால் பற்றாக்குறை ஒரே எண்ணாகத் தெரியும். மேட்டை எந்த உயரத்துக்கு வெட்ட வேண்டும் என்பதும் அந்த அளவிலிருந்தே கிடைக்கும். வேலியை மறந்துவிடக் கூடாது. மேட்டை 60 செ.மீ.க்குத் தாழ்த்திவிட்டுப் பழைய பலகை வேலியை அதன் மேலேயே நட்டால் வேலை முழுவதும் வீண்.

நில எல்லையை வரைபடத்தில் உறுதிசெய்வது அடுத்தது. மேட்டின் அடிவாரம் ஒரு முழம் சாலை நிலத்துக்குள் வந்திருந்தாலும் கதை வேறு. அந்தப் பகுதிக்குப் பிரிவு 79 தேவையே இல்லை, நிர்வாகம் தானே வெட்டலாம்.

மேடு போகும் வரைக்குமான இடைக்கால வேலையைத் தனியாக எழுத வேண்டும். வழிவிடும் கோட்டுக்குப் பதில் முழு நிறுத்தக் கோடு, பிரதான சாலையில் முன்னெச்சரிக்கைப் பலகை, அகலம் இருந்தால் கோட்டையே சற்று முன்னால் தள்ளுவது. குவிகண்ணாடியை நம்ப வேண்டாம். அதில் வண்டி இருப்பதைவிடத் தொலைவில் தெரியும், மழையிலும் பனியிலும் ஒன்றுமே தெரியாது.

மேல்முறையீடு எதுவும் தொடாத இடம் கடிதப் போக்குவரத்து. உரிமையாளருக்கு எழுதும் முதல் கடிதத்திலேயே பதிலுக்கு 21 நாள் கெடு வைக்க வேண்டும். பதில் இல்லையென்றால் 14 நாள் அவகாசத்துடன் நினைவூட்டல், பிறகு பிரிவு 79 அறிவிப்பு. இந்த மூன்று தேதிகளையும் கடிதம் போகும் நாளிலேயே பதிவேட்டில் எழுதிவிட வேண்டும், அதிகாரியின் நினைவில் அல்ல. அவர் மாற்றலாகிப் போனால் அடுத்தவர் கையெழுத்திட்டு ஏற்க வேண்டிய பட்டியலில் அந்தப் பக்கமும் இருக்க வேண்டும். மார்ச்சில் நடந்ததைப் போலப் புது விபத்து பதிவானால், விபத்துப் பிரிவிலிருந்து வரும் தாள் தானாகவே இந்தக் கோப்பைத் திறக்க வேண்டும். ஒத்திவைப்பதானால் அதற்கும் இரண்டு வரி போதும்: இதைவிட முன்னால் உள்ள முனைகள் எவை, மறுபடி எப்போது பார்ப்பது. அந்த இரண்டு வரி இருந்திருந்தால் கவுன்சிலின் விருப்புரிமை வாதம் உண்மையான வாதமாக இருந்திருக்கும்.

ஜனவரியின் கடைசி நாளில் கடிதம் போனது என்றே வைத்துக்கொள்வோம். 21 நாளும் 14 நாளும் கழிந்தால் மார்ச் முதல் வாரம். ஆட்சேபத்துக்கு இன்னும் 14 நாள் என்றாலும் மார்ச் முடிவதற்குள் ரயில் நிறுவனம் ஒன்று மேட்டை வெட்ட ஒப்புக்கொண்டிருக்கும், இல்லையென்றால் ஏன் முடியாது என்று கவுன்டி நீதிமன்றத்தில் பதில் சொல்லிக்கொண்டிருக்கும். டிசம்பர் வரை அப்போது எட்டு மாதத்துக்கும் மேல் இருந்தது.